அழிக்காமல் விட்ட ஒன்று

றுஷ்னாவை அடக்கிவிட்டு வந்த அன்று அஸர் தொழுகைக்குப் பிறகு, அவளுடைய தம்பி ஸப்ராஸ் அவளுடைய போனோடு வந்து மிஹ்லாருக்கு முன்னால் நின்றான்.

“மச்சான், உம்மா விடாம அழுவுறா. ராத்தா டிக்டொக்கில போட்ட வீடியோவெல்லாம் எடுத்துரச் செல்றா. எடுக்கவா?”

மிஹ்லார் தலையை ஆட்டினான்.

அந்த நேரத்தில் யார் எதைக் கேட்டிருந்தாலும் ஆட்டியிருப்பான். குளிப்பாட்ட ஆள் வந்திருக்கிறார்கள், உள்ளே விடவா என்று கேட்டார்கள், ஆட்டினான். ஜனாஸாவைத் தூக்கலாமா என்று கேட்டார்கள், ஆட்டினான். டெங்குக் காய்ச்சல் என்று மனைவியை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனவன், ஒரு வாரம் முடியுமுன் அவளை மண்ணுக்குள் வைத்துவிட்டு வந்து பிளாஸ்டிக் கதிரையில் உட்கார்ந்திருந்தான். கல்யாணம் முடித்து நாலு வருசம். பிள்ளைகள் இல்லை. அவனில் கழுத்து மட்டும் வேலை செய்துகொண்டிருந்தது.

ஸப்ராஸ் கெட்டவன் இல்லை. எடுத்த காரியத்தை முடிக்காமல் விடமாட்டான், அவ்வளவுதான். முதலில் டிக்டொக் கணக்கை மூடினான். பிறகு போனில் இருந்ததையெல்லாம் அழித்து, கடையிலிருந்து வாங்கி வந்த நாளில் இருந்தது போல வெறுமையாக்கி, உறையைக் கழுவிக் காயவைத்து மாட்டி, அலுமாரியில் வைத்தான். அதற்கும் பிறகு, பள்ளிவாசல் குறூப், மத்ரஸா குறூப், குவைத்தில் இருக்கிற ஊரவர்களின் குறூப் என்று எல்லாவற்றுக்கும் ஒரு குரல் செய்தி அனுப்பினான்.

“அஸ்ஸலாமு அலைக்கும். மவுத்தாகின எங்கட றுஷ்னா ராத்தா தையல் செல்லிக் குடுத்துப் போட்ட வீடியோக்கள் யார்ட போனிலயாவது இரிந்தா, அவவுக்காக அழிச்சிடுங்க. அழிச்சிட்டு ஒரு துஆ கேட்டுக்குங்க.”

ஜனாஸாவைத் தூக்குமுன் வீட்டுக்காரர் ஒருவர் வாசலில் நின்று, மையத்து யாருடைய மனதையாவது நோகடித்திருந்தால் மன்னித்துவிடுங்கள் என்று கேட்பது அவர்களுடைய ஊரான குறிஞ்சிப்பிட்டியில் வழக்கம். காலையில் ஸப்ராஸ்தான் கேட்டான். அதே குரலில்தான் இதையும் கேட்டிருந்தான். அதனால் ஊர் இதையும் ஒரு கடமையாக எடுத்துக்கொண்டது. குரல் செய்திக்குக் கீழே ‘அழிச்சாச்சி’, ‘ஆமீன்’, ‘அழிச்சாச்சி’ என்று இரண்டு நாள் வந்துகொண்டிருந்தது.

அழிக்க நிறைய இருந்தது. றுஷ்னா கை மட்டும் தெரிகிற மாதிரித்தான் வீடியோ எடுப்பாள். அபாயாவின் கறுப்புக் கை, சுண்ணக்கட்டி, கத்தரிக்கோல், மேசையில் விரித்த துணி, அவளுடைய குரல். அபாயாவுக்குக் கழுத்து வெட்டுவது, பிள்ளைச் சட்டைக்கு விளிம்பு மடிப்பது, இப்படி ஒவ்வொன்றும் ஒரு நிமிடம், ஒன்றரை நிமிடம். பார்க்கிற பெண்களுக்கு ஒருமுறை பார்த்தால் போதாது. கத்தரிக்கோலைக் கையில் பிடித்துக்கொண்டு திரும்பத் திரும்பப் பார்க்கவேண்டும். ஒவ்வொரு தடவையும் டேட்டா போகும். அதனால் எல்லோரும் போனில் இறக்கி வைத்துக்கொள்வார்கள். கற்பிட்டியிலிருந்து மதுரங்குளி வரைக்கும் தையல் மெஷின் இருக்கிற வீடுகளில் அவளுடைய கை இருந்தது.

மிஹ்லாரிடம் ஒன்றும் இருக்கவில்லை. அவன் அவற்றைப் பார்த்ததே இல்லை. ஆள் வீட்டில் இருக்கும்போது வீடியோ எதற்கு?

அடக்கிய பிறகும் அவன் றுஷ்னாவின் வீட்டிலேயே இருந்தான். பெண்ணுக்கு வீடு கொடுப்பார்கள், மாப்பிள்ளை அங்கே வந்து இருப்பான். அதுதான் ஊர் முறை. இப்போது விருந்தாளியைக் கூட்டிவந்தவள் போய்விட்டாள். விருந்தாளி மட்டும் மிச்சம். காலையில் பாலாவிக்குப் போய், உப்புக் கம்பனியின் ஆய்வுகூடத்தில் உப்பின் ஈரத்தை அளந்துவிட்டு, பின்னேரம் திரும்பி வந்தான். மாமி முனவ்வரா, றுஷ்னாவின் உம்மா, சோறு போட்டு மூடி வைத்திருப்பார். அவன் சாப்பிட்டுவிட்டுச் சோற்றுக் கோப்பையைக் கழுவி வைப்பான். இருவரும் பேசிக்கொள்வதற்கு றுஷ்னாவைத் தவிர வேறு விசயம் இல்லை. றுஷ்னாவைப் பற்றி இருவரும் பேசவில்லை.

நாற்பதாம் நாள் கத்தம் ஓதச் சொந்தக்காரர் எல்லாம் வந்தார்கள். ஓதி முடித்து, பாய் விரித்து, சஹனைச் சுற்றி உட்கார்ந்து, ஒரே தட்டில் எல்லோரும் கை வைத்துச் சாப்பிடத் தொடங்கினார்கள். மிஹ்லாரோடு ஒரே சஹனில் இருந்தவர் ஜவ்பர், றுஷ்னாவின் பெரியப்பா மகன், கல்கண்டுக் கடைக்காரர்.

“கேளுங்க மிஹ்லார்,” என்றார் ஜவ்பர். “கடப் பக்கம் வந்தா தெருவில நிண்டே ‘ஜவ்பர் காக்கா, நூலிரிக்கா’ண்டுதான் கேப்பா. என்ட கடையில என்னெத்துக்குப் புள்ள நூலுண்டு நானும் ஏசுவன். அது ஒரு வெளையாட்டு. அந்தச் சத்தம் இன்னம் காதிலயே இரிக்கி.”

“இறைச்சியத் தள்ளி வைங்க அந்தப் பக்கம்,” என்றார் பக்கத்தில் இருந்த ஹிஸ்புல்லா. “மாப்புளை திங்கிறாரில்ல.”

மிஹ்லார் சோற்றில் கையை வைத்தபடி றுஷ்னா தன்னை எப்படிக் கூப்பிடுவாள் என்று நினைத்துப் பார்த்தான். ‘இஞ்ச பாருங்களே’ என்று கூப்பிடுவாள். அது தெரியும். சொற்கள் வந்தன. ஆனால் அவற்றை அவனுடைய சொந்தக் குரல்தான் சொல்லியது. திரும்ப நினைத்தான். திரும்பவும் அவனுடைய குரல்தான். ஜவ்பருடைய காதில் இருக்கிறது அவனுடைய காதில் இல்லை.

அவன் எழுந்து கையைக் கழுவினான்.

தன்னுடைய போனில் தேடினான். அவள் அனுப்பிய குரல் செய்திகள் ஒருகாலத்தில் வந்தவைதான். பாண் வாங்கிக்கிட்டு வாங்க, காஸ் முடிஞ்சிட்டு, பச்ச மொளகா மறக்க வேணாம். கேட்டதும் அழித்துவிடுவான். போனில் இடம் போதாது. பச்சை மிளகாயை எதற்குச் சேமித்து வைப்பது? கல்யாண வீடியோவில் ஆண்கள் பக்கம் மட்டும்தான். மணவறைப் பக்கம் கெமரா போகவில்லை. அதற்கு அவனும் சம்மதித்திருந்தான்.

ஸப்ராஸிடம் கேட்டான். அந்தக் கணக்கைத் திறக்க முடியுமா?

ஸப்ராஸ் கொஞ்ச நேரம் போனை நோண்டிவிட்டு, தலை நிமிராமலே சொன்னான்: “ஒரு மாசத்துக்குள்ள மனசு மாறினா எடுத்திருக்கலாம் மச்சான். இப்ப ஏலாது.”

அந்த ஒரு மாதத்தில் மிஹ்லாருக்கு மாறுவதற்கு மனசு என்று ஒன்று இருக்கவில்லை.

அவனுடைய சொந்த வீடு மதுரங்குளியில். அவனுடைய உம்மா நபீலா மன்னாரில் பிறந்தவர். தொண்ணூறாம் ஆண்டு முஸ்லிம்களை ஊரோடு வெளியேறச் சொன்னபோது, உடுத்த துணியோடும் ஒரு பையோடும் வந்தவர். பையில் படங்கள் இல்லை. மூத்தப்பா, உம்மாவின் வாப்பா, எப்படி இருப்பார் என்று சின்ன வயதில் மிஹ்லார் கேட்டிருக்கிறான். உம்மா கையை உயர்த்தி, கதவுநிலையில் ஓர் இடத்தைக் காட்டுவார். இவ்வளவு உயரம். அவ்வளவுதான் கிடைக்கும்.

கத்தத்துக்கு அடுத்த வெள்ளிக்கிழமை அவன் தேடத் தொடங்கினான்.

முதலில் பக்கத்து வீட்டு மர்ளியா. அபாயா தைத்து விற்பவர். றுஷ்னாவின் வீடியோவை வைத்தே தொழில் படித்தவர்.

“ஓம் தம்பி, அன்டைக்கே அழிச்சிட்டன்,” என்றார் மர்ளியா. “என்ட போன் மட்டுமில்ல. மகள்ட, மருமகள்ட, எல்லாத்தையும் நானே வாங்கிப் பாத்தன். மருமகள் ஒண்ட ஒளிச்சி வச்சிரிந்தா. நான் விடுவனா? அதையும் புடிச்சி அழிச்சன்.”

அவர் அவனுடைய முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். என்ன எதிர்பார்க்கிறார் என்று அவனுக்கு விளங்கியது.

“ஜஸாகல்லாஹ்,” என்று நன்றி சொன்னான்.

கற்பிட்டியில் ஸபீனா, அழுது அழுதுதான் அழித்தேன் என்றாள். குவைத்தில் வீட்டுவேலை செய்கிற ஒருத்தி, மக்காவுக்கு உம்றா போன இடத்தில் வைத்து அழித்துவிட்டு அங்கேயே துஆ கேட்டதாக எழுதினாள். இன்னும் பலரிடம் கேட்டான். யாராவது ஒருவர் சோம்பேறித்தனத்தில் விட்டிருக்கமாட்டார்களா, யாராவது ஒருவர் பொய்க்கு ‘அழிச்சாச்சி’ போட்டிருக்கமாட்டார்களா என்று பார்த்தான். ஒருவரும் இல்லை. ஊர் முழுக்க அவளில் அன்பு வைத்திருந்தது. ஒருவரும் ஏமாற்றவில்லை.

கடைசியாக றுஷ்னாவின் மாமா மகள் சிபானாவிடம் போனான். எந்த நேரமும் போனும் கையுமாக இருப்பவள்.

“அழிக்கல்லண்டு செல்லத்தான் மச்சான் ஆசையா இரிக்கி,” என்றாள் சிபானா. “மாமி வந்து முன்னால நிண்டு அழிக்க வச்சா.” கொஞ்சம் யோசித்தாள். “கண்டக்குழியில ஒரு கிறிஸ்தவப் பொம்புள இரிந்தா. கத்தரினா. எல்லா வீடியோவுக்கும் கீழ ஒரு கேள்வி போடுவா. ராத்தா சிரிச்சிச் சிரிச்சி பதில் எழுதுவா. அவ நம்மட குறூப் ஒண்டுலயும் இல்ல.”

மிஹ்லார் மோட்டார் சைக்கிளை எடுத்தான்.

கண்டக்குழியில் காற்று அடித்துக்கொண்டிருந்தது. கடலுக்கு மேலே வெள்ளைக்காரர்களின் பட்டங்கள் சிவப்பும் மஞ்சளுமாக நின்றன. கரையில் வலை உதறிக்கொண்டிருந்தவரிடம் கத்தரினாவின் வீட்டைக் கேட்டான்.

“எந்தக் கத்தரினா? கில்பட்ட கத்தரினாவா, வாய்க்காரக் கத்தரினாவா?”

“தைக்கிறவ.”

“அப்ப ரெண்டும் ஒண்டுதான். அந்தா, நீலக் கதவு.”

ஜன்னலோரம் தையல் மெஷினுக்கு முன்னால் கத்தரினா இருந்தாள். நாற்பதைத் தொடுகிற வயது. மடியில் வெள்ளைத் துணி. முற்றத்தில் ஒருவர் படகு எஞ்சினைக் கழற்றிப் போட்டு எண்ணெய்க் கையோடு குந்தியிருந்தார். அதுதான் கில்பட் என்று தெரிந்தது.

“அக்கா, றுஷ்னா எண்டு தையல் வீடியோ போடுறவ ஒராள். அவட வீடியோ ஏதும் உங்கட போனில இரிக்கா?”

“நீங்க ஆரு?”

“அவட மாப்புளை.”

“ஆ. அப்ப வாங்க, இருங்க.” அவள் கதிரையில் இருந்த துணிகளைத் தள்ளினாள். “உங்களிட்டக் கேக்க நிறைய இருக்கு. என்ன, என்னைப் புளொக் பண்ணிட்டாவோ? கையைச் சட்டையோட பூட்டுற இடத்தில சுருக்கம் ஒரு பக்கமாச் சேருது, என்ன செய்ய எண்டு கேட்டன். பதில் இல்ல. பிறகு பாத்தா ஆளையே காணல்ல. ஆள் பெரிய ஆளாகிட்டாவாக்கும், எங்களைப் போல ஆக்களோட கதைக்க மாட்டாவாக்கும் எண்டு இவரிட்டச் சொன்னன்.”

“சொன்னதில்ல தம்பி,” என்றார் கில்பட் முற்றத்திலிருந்து. “ஏசினது. ரெண்டு நாளா.”

“அவ மவுத்தாகிட்டா,” என்றான் மிஹ்லார். அந்தச் சொல் அவர்களுக்கு விளங்காதோ என்று நினைத்து, இன்னொருமுறை சொன்னான். “செத்துப் போயிட்டா.”

அவன் இதை இதுவரைக்கும் யாரிடமும் சொன்னதில்லை. ஊரில் எல்லோருக்கும் தெரிந்திருந்தது. சொல்லவேண்டி வரவில்லை. சொன்ன பிறகு வாய்க்குள் ஏதோ கழன்று விழுந்ததைப் போல இருந்தது.

கத்தரினா மெஷின் மிதியிலிருந்து காலை எடுத்தாள். கில்பட் எழுந்து வந்து வாசலில் நின்றார். எண்ணெய்க் கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் விரித்துப் பிடித்துக்கொண்டிருந்தார்.

“யேசுவே,” என்றாள் கத்தரினா மெதுவாக. “நான் ஏசினனே தம்பி.”

“பரவாயில்லக்கா. அவவும் ஏசுவா.”

பிறகு அவள் போனை எடுத்தாள். திரையில் ஒரு மூலை வெடித்திருந்தது.

“எல்லாம் இருந்தது. இந்த மனுசன்தான் டொல்பினுக்கு இடமில்ல எண்டு அழிச்சது. இவர்ட படகில வாற வெள்ளைக்காரனுக்குக் காட்டுறதுக்கு எந்த நாளும் டொல்பினை வீடியோ எடுக்கிறார். எல்லா டொல்பினும் ஒரே மாதிரித்தான் இருக்கு. இது ஒண்டை மட்டும் நான் அழிக்க விடல்ல. பப் கை. எனக்கு இன்னம் சரிவரல்ல. மகள் மெலனிக்குக் கோயில்ல முதல் நன்மை வருது, சட்டைக்குப் பப் கைதான் வேணுமாம்.”

அவள் வீடியோவை ஓடவிட்டாள். வாசலால் வந்த காற்றிலும் வெளியே போன படகுச் சத்தத்திலும் பேச்சு சரியாகக் கேட்கவில்லை. மிஹ்லார் கைகளைப் பார்த்தான். இடது கைப் பெருவிரல் துணியை அமத்திப் பிடித்திருந்தது. சுண்ணக்கட்டி ஒரு வளைவு போட்டது. அந்தக் கைகள் அவனுக்குத் தெரிந்தவைதான். ஆனால் இவ்வளவு நேரம் தொடர்ந்து அவற்றை அவன் பார்த்ததில்லை.

துணியைச் சுருக்குகிற இடம் வந்ததும் கத்தரினா நிறுத்தினாள்.

“இதுக்கு மேல நான் போறதே இல்ல. இந்த இடத்திலதான் எனக்குப் பிழைக்கிறது. இதைத்தான் திரும்பத் திரும்பப் பாக்கிறன்.”

அவனுடைய நம்பரைக் கேட்டு வாட்ஸ்அப்பில் அனுப்பினாள். மற்றவர்களிடம் ஏன் இல்லை என்று கேட்டாள். அவன் சொன்னான். மாமி அழுதது, ஸப்ராஸ் குறூப்பில் கேட்டது, ஊர் அழித்தது. அவள் கேட்டுக்கொண்டே போனில் விரலை வைத்தாள்.

“உங்களுக்கு வந்திட்டா தம்பி?”

“வந்திட்டு.”

“சரி.” அவள் போனைத் திருப்பி அவனுக்குக் காட்டினாள். வீடியோ இருந்த இடத்தில் ஒரு டொல்பின் துள்ளிக்கொண்டிருந்தது. “நானும் அழிச்சிட்டன். செத்த ஆளுக்கு எண்டு கேட்டதை நான் மட்டும் செய்யாம இருக்கக் கூடாது.”

“வேணாம்,” என்று அவன் சொன்னது அதற்குப் பிறகுதான்.

“பிள்ளைக்குச் சாதாக் கை வச்சித் தைக்கிறன். வளருற பிள்ளை, அதுதான் நல்லம்.” அவள் வெள்ளைத் துணியை மடித்து மெஷினுக்கு மேல் வைத்தாள். கில்பட் முற்றத்துக்குப் போய் எஞ்சினுக்குப் பக்கத்தில் குந்தினார்.

திரும்புகிற வழியில் வெங்காயத் தோட்டங்களுக்கு நடுவே ஒரு வேம்பின் கீழ் மோட்டார் சைக்கிளை நிறுத்தினான். தண்ணீர் தெளிக்கிற குழாய்கள் சுற்றிக்கொண்டிருந்தன. அவன் இயர்போனை மாட்டினான்.

“அஸ்ஸலாமு அலைக்கும் சகோதரிகளே. இன்றைக்குப் பப் கை எப்படி வெட்டுவது என்று பார்ப்போம்.”

றுஷ்னாதான். ஆனால் அவனுடைய றுஷ்னா இல்லை. ஒவ்வொரு சொல்லையும் முழுதாகச் சொன்னாள். வீட்டில் அவள் சொற்களில் பாதியை விழுங்குவாள். மிச்சத்தை நாம்தான் ஊகிக்கவேண்டும். இது வங்கியில், ஆஸ்பத்திரியில், முன்பின் தெரியாதவர்களோடு கதைக்கிற குரல். நல்ல குரல். ஊருக்கு உதவிய குரல். ஜவ்பரின் காதில் இருந்ததுகூட இதுவாக இருக்க முடியாது.

இதற்காகவா ஊரெல்லாம் அலைந்தேன் என்று நினைத்தான். நிறுத்த நினைத்தான். விரல் போகவில்லை. வீடியோ ஓடியது. கத்தரினா நிறுத்துகிற இடத்தைத் தாண்டியது. சுருக்கம் சமமாக விழுந்தது. கைகள் தைத்த துணியைத் தூக்கிக் காட்டின. அடுத்த வீடியோவில் சந்திப்போம் என்றாள். கைகள் திரையிலிருந்து விலகின. வெறும் மேசை, கத்தரிக்கோல். போனை நிறுத்த அவள் கையை நீட்டுவது போல ஒரு நிழல்.

“உம்மோவ், பாலப் பாருங்களே, பொங்குது!”

அதோடு முடிந்தது.

கடைசித் துண்டை வெட்டிவிட்டுத்தான் போடுவாள் போலும். இதில் மறந்திருக்கிறாள்.

அவன் கடைசி இடத்தை மட்டும் திரும்பக் கேட்டான். இதுதான். மூக்கால் வருகிற ‘மோவ்’, விழுங்கப்பட்ட ‘பாருங்களே’, சிரிப்பும் எரிச்சலும் ஒன்றாக. காய்ச்சல் வருவதற்கு முதல் நாள்வரை அவன் தினமும் கேட்டு, கவனிக்காமல் விட்ட சத்தம். வேம்புக்குக் கீழ் நின்று திரும்பத் திரும்பக் கேட்டான். தோட்டத்தில் வேலை செய்கிற பெண் ஒருத்தி நிமிர்ந்து பார்த்துவிட்டுக் குனிந்துகொண்டாள். அப்போதுதான் தன் முகம் நனைந்திருப்பது அவனுக்குத் தெரிந்தது. அடக்கிய நாளில்கூட அது நடக்கவில்லை.

கொஞ்சம் கழித்து இன்னொன்றும் தெரிந்தது. அவள் கூப்பிட்டது அவனை இல்லை.

இதை மாமியிடம் சொல்லாமல் விட்டுவிடலாம். இப்போது இது ஒரே ஒரு போனில்தான் இருக்கிறது, அவனுடைய போனில். மாமி கேட்டால் அழிக்கச் சொல்வார். சொன்னால், அந்த வீட்டில் சோறு தின்றுகொண்டு முடியாது என்று சொல்ல அவனால் ஆகாது. வைத்திருக்க ஒரே வழி ஒளித்து வைப்பது. சின்னப் பிள்ளைக் குரலில் ‘உம்மோவ்’ என்று அவள் கூப்பிட, அந்த உம்மாவுக்குத் தெரியாமல் அதை இயர்போனில் கேட்டுக்கொண்டு, பக்கத்து அறையில் படுத்திருப்பது.

அவன் போனைச் சட்டைப்பைக்குள் போட்டுவிட்டு வண்டியைக் கிளப்பினான்.

முனவ்வரா முற்றத்தில் சாக்கு விரித்துச் சின்ன வெங்காயம் காயப்போட்டிருந்தார். அழுகினதைப் பொறுக்கிக்கொண்டிருந்தார். மிஹ்லார் படியில் உட்கார்ந்தான்.

“மாமி, றுஷ்னாட வீடியோ ஒண்டு கெடச்சிரிக்கி.”

அவருடைய கை நிற்கவில்லை. “எல்லாரும் அழிச்சிட்டாங்களாமே.”

“இது கண்டக்குழியில இரிந்திச்சி. அவங்களுக்கு விசயம் தெரியாது.”

“இப்ப அழிச்சிட்டாங்களா?”

“ஓம். இப்ப என்ட போனில மட்டும்தான் இரிக்கி.”

“அப்ப நீங்களும் அழிச்சிடுங்க மகன்.” ஓர் அழுகின வெங்காயத்தைத் தூர எறிந்தார். “எனக்கு என்ன, ஆசையில்லாமயா? அவ அங்க கபுறுக் குழியில தனியக் கெடந்து மலக்குமார் கேக்கிற கேள்விக்குப் பதில் செல்ற நேரம், இஞ்ச அவட குரல கண்ட ஆம்புளையும் கேட்டுக்கிட்டு ஈக்கிறாண்டா, அது அவவுக்குச் சுமையாப் போயிடுமோண்டு பயமா இரிக்கி. நான் பெத்தவ. அவவுக்காக இனி என்னால செய்ய ஏலுமானது வேற என்ன இரிக்கி?”

அப்படி இல்லை என்று சொல்லவும் மிஹ்லாருக்குத் தெரியாது, அப்படித்தான் என்று சொல்லவும் தெரியாது. உப்பில் ஈரம் எவ்வளவு என்று மட்டும்தான் அவனுக்கு நிச்சயமாகச் சொல்ல முடியும்.

“கடைசிய மட்டும் ஒருக்காக் கேளுங்க மாமி,” என்றான். “அதில உங்களத்தான் கூப்பிடுறா.”

அவருடைய கை நின்றது.

அவன் போனை எடுத்தான். கடைசி இடத்துக்குக் கொண்டுபோனான். சத்தத்தைக் கூட்டினான்.

“உம்மோவ், பாலப் பாருங்களே, பொங்குது!”

முனவ்வரா எழுந்துவிட்டார். கையை நிலத்தில் ஊன்றி, முழங்கால் வலியையும் பார்க்காமல், குசினிப் பக்கம் திரும்பி ஓர் எட்டு வைத்துவிட்டார். மடியில் இருந்த வெங்காயமெல்லாம் கொட்டியது. பிறகு நின்றார். திறந்திருந்த குசினிக் கதவைப் பார்த்தார். அடுப்பில் ஒன்றும் இல்லை.

மிஹ்லார் அவரைப் பார்க்காமல் நிலத்தைப் பார்த்தான். கொட்டின வெங்காயங்களைப் பொறுக்கத் தொடங்கினான்.

அவர் மெதுவாக வந்து படியில், அவனுக்கு ஒரு கை தூரத்தில் உட்கார்ந்தார். இதுவரை அப்படி உட்கார்ந்ததில்லை.

“அன்டைக்குப் பொங்கித்தான் போச்சி,” என்றார். “நான் தொழுதுக்கிட்டு நிண்டன். சலாம் குடுத்திட்டுப் போறத்துக்குள்ள அடுப்பெல்லாம் பால்.”

“ஏசினாவா?”

“ஏசாம?” அவர் முந்தானையால் மூக்கைத் துடைத்தார். “‘ஒங்களுக்குப் பால் காய்ச்சக் குடுக்கிறத்துக்கு மாட்டுக்கே திருப்பிக் குடுத்திரலாம்’ண்டா.”

அந்த வசனத்தை மாமி சொன்னது மாமியின் குரலில் இல்லை. மூக்கால், பாதிச் சொல்லை விழுங்கி. மிஹ்லார் நிமிர்ந்து பார்த்தான். மாமிக்கே அது கேட்டிருக்கவேண்டும். வாயை முந்தானையால் பொத்திக்கொண்டார். தோள்கள் குலுங்கின. சிரிப்பா என்று ஒரு கணம் நினைத்தான். இல்லை.

பள்ளியில் தொழுகைக்குப் பாங்கு கேட்டது. முடியும்வரை இருவரும் அப்படியே இருந்தார்கள்.

“தொழுதிட்டு வாறன்,” என்று எழுந்தார் முனவ்வரா. கிணற்றடியில் தண்ணீர்ச் சத்தம் கேட்டது. பிறகு அறைக் கதவு சாத்தப்பட்டது.

மிஹ்லார் போனை மடியில் வைத்துக்கொண்டு காத்திருந்தான். அழிக்கிற அடையாளம் திரையின் கீழே இருந்தது. ஒரு விரல் பட்டால் போதும். வெளியே வந்து, ‘அழிச்சிடுங்க’ என்று அவர் மறுபடியும் சொன்னால் அழித்துவிடுவது என்று முடிவு செய்தான். அவரைக் கூப்பிட்ட சத்தம். அதை என்ன செய்வதென்று அவர்தான் சொல்லவேண்டும்.

அவர் வழக்கத்தைவிட நேரமெடுத்துத் தொழுதார். மேற்கே கறுத்துக்கொண்டு வந்தது. காற்று வெங்காயச் சருகை முற்றமெல்லாம் இழுத்துக்கொண்டு போனது.

தலையில் தொழுகைத் துணியோடு வெளியே வந்தார். கண் வீங்கியிருந்தது. அவனையும் அவனுடைய மடியில் இருந்த போனையும் பார்த்தார்.

“அழிச்சிட்டீங்களா?”

“இல்ல மாமி.”

“ம்,” என்றார். வானத்தைப் பார்த்தார். முற்றத்தில் இறங்கி, வெங்காயச் சாக்கின் ஒரு முனையைப் பிடித்தார். “மழை வரப் போகுது. எடுத்து உள்ளுக்கு வைப்பம், வாங்க.”

மிஹ்லார் போனைப் பைக்குள் போட்டான். இறங்கிப் போய் மற்ற முனையைப் பிடித்தான்.